பத்து நாள் நாயகி

மலையாள சினிமாவின் முதல் கதாநாயகி பி.கே. ரோசி. நடித்தது ஒரே படம். அதற்காக ஊரை விட்டே துரத்தப்பட்டவர், எஞ்சிய வாழ்நாளை நாகர்கோவிலில் வேறொரு பெண்ணாக வாழ்ந்து முடித்தார்.

திருவனந்தபுரத்திலிருந்து நெடுமங்காடு, விதுரா வழியாக மலையேறினால் சாலை முடிகிற இடம் போனக்காடு. அதற்கு மேல் அகத்தியர் மலைக் காடு. மலைக்கு அந்தப் பக்கம் திருநெல்வேலிச் சீமை. வெள்ளைக்காரர்கள் போட்ட தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறிக்க வந்த தமிழர்களின் பேரன் பேத்திகள் இன்னமும் அங்கே லயங்களில் இருக்கிறார்கள். தோட்டம் நொடித்துப்போய்ப் பல வருடங்களாகின்றன. தேயிலைத் தொழிற்சாலை துருப்பிடித்துக் கிடக்கிறது. தேயிலைச் செடிகள் கவாத்து செய்ய ஆளில்லாமல் மரங்களாக வளர்ந்து நிற்கின்றன.

ஆனால் மலையேறி வரும் இளைஞர் கூட்டத்துக்கு லயங்களில் அக்கறை இல்லை. அவர்கள் தேடி வருவது ஒரு பாழடைந்த பங்களாவை. அங்கே வெள்ளைக்கார துரையின் மகள் ஒருத்தி ஆவியாக உலவுகிறாள் என்று யாரோ கட்டிவிட்ட கதை, ஊர் ஊராகப் பரவியிருக்கிறது. பேய்க்கு இருக்கிற கிராக்கி உயிரோடு இருக்கிற மனிதர்களுக்கு இல்லை.

இதே ஜில்லாவில் உண்மையாகவே வாழ்ந்து, உண்மையாகவே நிழலாகிப் போன பெண் ஒருவர் உண்டு. திருவனந்தபுரத்தில் எடுக்கப்பட்ட முதல் சினிமாவின் நாயகி. அந்தப் படத்தின் கதையே போனக்காட்டு லயவாசிகளுக்கு அந்நியமானதல்ல. திருவிதாங்கூரில் வசதியான வீட்டுப் பிள்ளை ஒருவனை வில்லன் கடத்திக்கொண்டு இலங்கைக்குப் போய்விடுகிறான். பையன் அங்கே வெள்ளைக்காரர் தோட்டத்தில் கூலியாக வளர்கிறான். பல வருடங்கள் கழித்து ஊர் திரும்புகிறான். முதுகில் இருக்கும் தழும்பைக் கண்டு குடும்பம் அவனை அடையாளம் தெரிந்துகொள்கிறது. படத்தின் பெயர் ‘விகதகுமாரன்’. காணாமல் போன பிள்ளை என்று பொருள்.

படத்தில் காணாமல் போனவன் வீடு திரும்பினான். படத்தில் அவனுக்குத் தங்கையாக நடித்த பெண் திரும்பவே இல்லை.

பல் டாக்டரின் பைத்தியம்

‘விகதகுமார’னை எடுத்தவர் ஒரு தமிழர். கன்னியாகுமரிக்குப் பக்கத்தில் உள்ள அகஸ்தீஸ்வரத்துக்காரரான ஜோசப் செல்லையா டேனியல். வசதியான கிறிஸ்தவ நாடார் குடும்பம். அகஸ்தீஸ்வரம் அப்போது திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. படித்தது பல் வைத்தியம். பித்து பிடித்தது சிலம்பத்திலும் வாள் வீச்சிலும். இந்தியாவின் வாள் வித்தை பற்றி ஆங்கிலத்தில் ஒரு புத்தகமே எழுதினார். இந்தக் கலைகளை நாலு பேருக்குக் காட்ட வேண்டுமென்றால் சினிமாதான் சரியான சாதனம் என்று அவருக்குத் தோன்றியது.

சென்னைக்குப் போனார். ஸ்டூடியோ வாசலில் அவரை உள்ளே விடவில்லை. பம்பாய்க்குப் போனார். மாணவர்களுக்கு சினிமா பற்றிச் சொல்லித்தர விரும்பும் ஆசிரியர் என்று சொல்லிக்கொண்டு ஸ்டூடியோக்களில் நுழைந்து தொழிலைப் பார்த்துக் கற்றுக்கொண்டார். திரும்பி வந்து நிலத்தை விற்றார். 108 ஏக்கர், சுமார் நான்கு லட்சம் ரூபாய் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் சொல்கிறார்கள். 1926-ல் திருவனந்தபுரம் பட்டத்தில் ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்ற ஸ்டூடியோ எழுந்தது. இன்றைய கேரளத்தின் எல்லைக்குள் அதற்கு முன் அப்படி ஒன்று இருந்ததில்லை.

கதை, இயக்கம், கேமரா, தயாரிப்பு எல்லாம் டேனியல்தான். தோட்டத்துப் பையனின் நண்பனாக வந்து அவன் தங்கையைக் காதலிக்கும் ஜெயச்சந்திரன் என்ற நாயகன் வேடமும் அவருக்கே. சொந்த மகனையும் பால நட்சத்திரமாக்கினார். நாடெங்கும் புராணப் படங்களே ஓடிக்கொண்டிருந்த காலத்தில் டேனியல் எடுத்தது சாமி இல்லாத, கிரீடம் இல்லாத சமூகக் கதை. ஓடுமா என்ற கவலை அவருக்கு இருந்ததாகத் தெரியவில்லை. அவருக்கு இருந்த கவலை வேறு. நாயகியாக நடிக்க ஒரு பெண் கிடைக்கவில்லை.

கிடைத்த நாயகி

அது டேனியலுக்கு மட்டும் நேர்ந்த சங்கடமல்ல. 1913-ல் தாதா சாகேப் பால்கே ‘ராஜா ஹரிச்சந்திரா’ எடுத்தபோது சந்திரமதியாக நடித்தது சாளுங்கே என்ற ஆண். சினிமாவில் முகம் காட்டுவது குடும்பப் பெண்களுக்கு அடுக்காது என்று ஊரே நம்பியது. அந்த இடத்தை நிரப்பியவர்கள் ஆங்கிலோ இந்திய, யூதப் பெண்கள். பேசாத படமாகையால் பாஷை தடையாக இல்லை. ரெனீ ஸ்மித் ‘சீதா தேவி’ ஆனார். ரூபி மையர்ஸ் ‘சுலோசனா’ ஆகி, இந்தியாவிலேயே அதிக சம்பளம் வாங்கிய நட்சத்திரங்களில் ஒருவரானார். சென்னையில் நடராஜ முதலியாரும் தம் புராணப் படங்களுக்கு ஆங்கிலோ இந்தியப் பெண்ணைத்தான் நாட வேண்டியிருந்தது.

டேனியலும் அந்த வழியில்தான் போனார். பம்பாயிலிருந்து லானா என்ற நடிகையை வரவழைத்தார். வந்தவர் தங்குவதற்கு அரண்மனையும் சவாரிக்கு மோட்டாரும் கேட்டதாகச் சொல்வார்கள். வந்த வேகத்தில் திரும்பிப் போனார். டேனியல் உள்ளூரில் தேட ஆரம்பித்தார். அப்போதுதான் ஒரு காக்கரசி நாடக நடிகையைப் பற்றி அவர் காதுக்கு எட்டியது.

ராஜம்மா என்ற ரோசி, திருவனந்தபுரம் நந்தன்கோட்டில் 1903-ல் பிறந்தவர். புலையர் சமூகம். சின்ன வயதிலேயே தகப்பனார் போய்விட்டார். புல்லறுத்து விற்றுக் குடும்பம் நடந்தது. ராஜம்மா ரோசியானது எப்படி என்பதற்கு இரண்டு விதமான பதில்கள் உண்டு. குடும்பம் கிறிஸ்தவத்துக்கு மாறியபோது வந்த பெயர் என்கிறார்கள் சிலர். பட நாயகிக்கு எடுப்பாக இருக்கட்டும் என்று டேனியல் வைத்தது என்கிறார்கள் வேறு சிலர்.

காக்கரசி, தென் திருவிதாங்கூரின் தெருக்கூத்து மாதிரியான நாடகம். சிவனும் பார்வதியும் குறி சொல்லித் திரியும் குறவனும் குறத்தியுமாக பூமிக்கு வருவார்கள். வசனமும் பாட்டும் தமிழும் மலையாளமும் கலந்தே வரும். பெண் வேடத்தையும் ஆண்களே கட்டிவந்த அந்தக் கூத்தில் ஆட வந்த பெண் ரோசி. ஆக, கேமரா முன் வந்து நின்றபோது அவர் நடிப்புத் தெரியாத புல்லறுப்புக்காரி அல்ல. கூட்டத்தின் முன் ஆடிப் பழகிய கலைஞர்.

நாளுக்கு ஐந்து ரூபாய் வீதம் பத்து நாள் வேலை என்று அவரைப் பற்றிய பதிவுகள் சொல்கின்றன. ரோசியின் சினிமா வாழ்க்கை மொத்தமும் அவ்வளவுதான். காலையில் ஸ்டூடியோவுக்கு வருவார். கையோடு மத்தியானச் சாப்பாட்டைக் கொண்டுவந்துவிடுவார். மற்றவர்களோடு பந்தியில் உட்காரமாட்டார். தனியாக ஓர் ஓரத்தில் சாப்பிடுவார். டேனியல் கூப்பிட்டும் அவர் சேர்ந்து உட்காரவில்லை என்கிறார்கள். உட்கார்ந்தால் என்ன ஆகும் என்பது டேனியலைவிட அவருக்கு நன்றாகத் தெரிந்திருக்கும்.

சாப்பாட்டு வேளை முடிந்ததும் மறுபடியும் முண்டும் நகையும் அணிந்து கேமரா முன் வந்து நின்றார். அப்போது அவர் ரோசி அல்ல, சரோஜினி. உயர்ந்த நாயர் வீட்டுப் பெண்.

கல்லெறி

படம் முதலில் காட்டப்பட்டது திருவனந்தபுரம் கேப்பிட்டல் அரங்கில். 1928 நவம்பர் 7 என்று நெடுங்காலம் எழுதப்பட்டு வந்தது. பின்னால் கிடைத்த ஆவணங்களைக் கொண்டு 1930 அக்டோபர் 23 என்று ஆய்வாளர்கள் திருத்தியிருக்கிறார்கள். காட்சியைத் தொடங்கி வைத்தவர் அன்றைய பிரபல வழக்கறிஞர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை. ஊர்ப் பெரிய மனிதர்கள் திரண்டிருந்தார்கள். தான் நடித்த படத்தைப் பார்க்க ரோசியும் வந்தார். அவரோடு ஒரே கூரையின் கீழ் உட்காரப் பெரிய மனிதர்கள் சம்மதிக்கவில்லை. நாயகி வெளியே நின்றார். படம் உள்ளே ஓடியது.

திரையில் ரோசியின் கூந்தலில் இருக்கும் பூவை நாயகன் முத்தமிடும் காட்சி வந்தது. கூச்சல் எழுந்தது. கற்கள் பறந்தன. திரை கிழிந்தது. கூட்டம் ரோசியைத் தேட ஆரம்பித்தது. அடுத்தடுத்த நாட்களில் அவர் குடிசைக்கும் தீ வைத்தார்கள்.

முத்தம்தான் காரணமா? அது மட்டும் என்றால் நாயகனையும் அடித்திருக்க வேண்டும். டேனியலின் மேல் கோபம் இருந்தது. அவர் பணம் போயிற்று, படம் போயிற்று. ஆனால் அவர் வீடு எரியவில்லை. கூட்டத்தின் கண்ணை உறுத்தியது ரோசி உடுத்தியிருந்த உடை. புலையப் பெண் நாயர் பெண்ணாக உடுத்தி, நாயர் பெண்ணாக நடந்து, நாயர் பெண்ணாகக் காதலிக்கப்பட்டாள். பார்க்கிற கண்ணுக்கு வித்தியாசமும் தெரியவில்லை. வித்தியாசம் தெரியவில்லை என்பதுதான் குற்றம்.

திருவிதாங்கூரில் உடை என்பது துணி மட்டுமல்ல. யார் எதை உடுத்தலாம், எதை அணியலாம் என்பதற்கெல்லாம் சாதிக் கணக்கு இருந்தது. டேனியலின் சொந்த சமூகமே அதற்கு சாட்சி. நாடார் பெண்கள் மார்பை மறைக்கக்கூடாது என்ற வழக்கத்தை எதிர்த்துப் பல ஆண்டுகள் நடந்த தோள் சீலைப் போராட்டத்துக்குப் பிறகு 1859-ல்தான் சமஸ்தானம் இறங்கி வந்தது. புலையர் பெண்கள் கல் மாலைகளைத்தான் கழுத்தில் அணிய வேண்டும் என்றிருந்தது. 1915-ல் அய்யன்காளியின் சொல் கேட்டுப் பெண்கள் அந்த மாலைகளை அறுத்து எறிந்தார்கள். அதற்கு முன்பே, 1893-ல், அய்யன்காளி வில்வண்டி பூட்டி, தமக்கு விலக்கப்பட்டிருந்த பொதுச் சாலையில் ஓட்டிக் காட்டியிருந்தார்.

‘விகதகுமாரன்’ திரைக்கு வந்தபோது அய்யன்காளி உயிரோடு இருந்தார். கோயில்கள் இன்னும் திறக்கவில்லை. ஆலயப் பிரவேசப் பிரகடனம் வந்தது 1936 நவம்பர் 12-ல். ரோசி அதற்கு ஆறு வருடம் முந்திவிட்டார். அவர் பிரவேசித்தது கோயில் அல்ல, வெள்ளைத் திரை.

டேனியல் இதையெல்லாம் யோசிக்காமலா இருந்திருப்பார்? தோள் சீலையின் கதை கேட்டு வளர்ந்த வீட்டுப் பிள்ளை அவர். திறமைசாலியான பெண் கிடைத்தாள், வேடத்துக்குப் பொருந்தினாள், நடிக்க வைத்தார். சினிமாவுக்கு சாதி கிடையாது என்று அவர் நம்பினார் போலிருக்கிறது. நம்பியதில் தப்பில்லை. ஆனால் அந்த நம்பிக்கைக்கான விலையில் பெரும் பங்கை ரோசி கட்டினார்.

நாகர்கோவில் போகிற லாரி

குடிசை எரிந்தபின் ரோசி திருவனந்தபுரத்தில் இருக்க முடியவில்லை. நாகர்கோவில் பக்கம் போய்க்கொண்டிருந்த லாரி ஒன்றில் ஏறித் தப்பினார். அதை ஓட்டியவர் மேல்சாதிக்காரர். பிறகு அவரையே ரோசி கல்யாணம் செய்துகொண்டார். லாரி ஓட்டுநரின் குடும்பம் இதை ஏற்கவில்லை. இருவரும் தனியாகக் குடித்தனம் நடத்தினார்கள். பிள்ளைகள் பிறந்தார்கள். ரோசி மறுபடியும் ராஜம்மாள் ஆனார்.

அக்கம்பக்கத்தாருக்கு அவர் இன்னாருடைய மனைவி. பிள்ளைகளுக்கு அம்மா. முன்பு அம்மா ஏதோ நாடகத்தில் நடித்தவர் என்பதற்கு மேல் வீட்டுக்குள்கூட அதிகம் பேசப்படவில்லை. சினிமாவைப் பற்றி அவர் வாய் திறக்கவில்லை. எந்த சாதிப் பெண்ணாக நடித்ததற்காக அவரைக் கல்லால் அடித்தார்களோ, ஏறக்குறைய அதே வேடத்தை வாழ்க்கையில் அவர் கடைசிவரை போட்டுக்கொண்டிருந்தார். ஸ்டூடியோவில் பத்து நாள். நாகர்கோவிலில் ஓர் ஆயுள். இந்த இரண்டாவது நடிப்பை யாரும் கண்டுபிடிக்கவில்லை. கல்லும் எறியவில்லை.

அதே படத்தில் வில்லனாக நடித்தவர் ஜான்சன். அவருடைய மகள்தான் பி.எஸ். சரோஜா என்று திரைப்பட வரலாறுகள் சொல்கின்றன. ‘ஜீவித நௌகா’வில் மலையாளத்திலும், எம்.ஜி.ஆரும் சிவாஜியும் சேர்ந்து நடித்த ஒரே படமான ‘கூண்டுக்கிளி’யில் தமிழிலும் நடித்துப் புகழ் பெற்றவர். வில்லனின் மகளுக்கு சினிமாவில் ஒரு வாழ்க்கை இருந்தது. நாயகி, தமிழ்நாட்டில் ஏதோ ஒரு கொட்டகையில் தரை டிக்கெட் வாங்கி அந்தப் படங்களைப் பார்த்திருந்தாலும், பக்கத்தில் இருந்தவருக்குத் தெரிந்திருக்காது.

மணிலாவின் பூக்காரி

ரோசிக்கு வேறொரு ஊரில் என்ன கிடைத்திருக்கும்? கடல் தாண்டிப் பார்த்தால் ஒரு பதில் கிடைக்கிறது. பிலிப்பைன்ஸ் நாட்டில் அந்நாட்டவரே எடுத்த முதல் கதைப்படம் ‘தலகாங் புகித்’. கிராமத்துப் பெண் என்று அர்த்தம். 1919-ல் வந்தது. இயக்கியவர் ஹோஸே நெபோமுசெனோ. கதாநாயகி ஆட்டாங் தெ லா ராமா.

ஆட்டாங் 1902-ல் பிறந்தவர். ரோசிக்கு ஏறக்குறைய சம வயது. அவரும் நாடகத்திலிருந்து வந்தவர்தான். ‘சர்சுவேலா’ என்ற இசை நாடகத்தில் ஏழு வயது முதல் நடித்தவர். படத்தில் அவருக்குப் பூ விற்கும் பெண் வேடம். ஊமைப்படம் என்பதால் காட்சியின்போது அரங்கிலேயே நின்று பாடினார். திரையில் தெரிந்த முகமே நேரிலும் பாடுவதைக் கேட்க மக்கள் கூடினார்கள். அந்தப் படத்தின் பிரதியும் இன்று இல்லை. ஆனால் ஆட்டாங் தொலையவில்லை. மேடையிலும் இசையிலும் நீண்ட காலம் அரசியாக இருந்தார். 1987-ல் அந்நாட்டின் உயர்ந்த விருதான ‘தேசியக் கலைஞர்’ பட்டம் பெற்றார். 1991-ல் காலமானார்.

இருவருக்கும் நாட்டுப்புற மேடை ஒன்று, ஊமைப்படம் ஒன்று, முதல் நாயகி என்ற பெயர் ஒன்று. மணிலாவில் நாயகியை அரங்குக்குள் அழைத்துப் பாடச் சொன்னார்கள். திருவனந்தபுரத்தில் அரங்குக்கு வெளியே நிறுத்தினார்கள். மற்ற வித்தியாசமெல்லாம் அந்த ஒரு வாசலில் ஆரம்பிக்கிறது.

எல்லையில் தவறிய பெயர்கள்

டேனியலின் கதையும் சோகம்தான். ஆலப்புழை முதலிய ஊர்களில் படம் காட்டினார். போட்ட பணம் வரவில்லை. மனைவி ஜேனட்டின் நகைகள் போயின. ஸ்டூடியோ மூடப்பட்டது. பாளையங்கோட்டையிலும் மதுரையிலும் பல் வைத்தியம் பார்த்துக் காலம் தள்ளினார். இடையில் நடிகர் பி.யு. சின்னப்பாவின் பழக்கம் ஏற்பட்டு, மறுபடி சினிமா ஆசையில் இருந்ததையும் இழந்தார். கடைசியில் அகஸ்தீஸ்வரத்துக்கே திரும்பினார். ‘விகதகுமார’னின் படச்சுருளை அவர் மகன் சிறுபிள்ளை விளையாட்டாக நெருப்பில் போட்டுவிட்டார். நிறம் நிறமாக எரிவதை வேடிக்கை பார்த்ததைப் பின்னாளில் அந்த மகனே வருத்தத்தோடு நினைவுகூர்ந்திருக்கிறார்.

மலையாள சினிமா இதற்குள் வேறு பாதையில் போய்விட்டது. டேனியலின் உறவினரான சுந்தர்ராஜ் தயாரித்த ‘மார்த்தாண்ட வர்மா’, புத்தக உரிமை வழக்கில் முடங்கியது. முதல் பேசும்படமான ‘பாலன்’ 1938-ல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பாக வந்தது. ‘பாலன்’தான் மலையாளத்தின் முதல் படம் என்பதே பொதுவான பேச்சாகிவிட்டது. பேசாத படமும், அதை எடுத்தவரும், நடித்தவரும் கணக்கில் வரவில்லை.

டேனியலைத் தேடிப்பிடித்தவர் பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன். மலையாள சினிமாவின் தந்தை இவர்தான் என்று விடாமல் எழுதினார். நலிந்த கலைஞர்களுக்கான உதவித்தொகையை டேனியலுக்குத் தர வேண்டும் என்று கேரள அரசிடம் கேட்டபோது வந்த பதில், அவர் தமிழ்நாட்டுக்காரர் என்பது. 1956 நவம்பர் 1-ம் தேதி மொழிவாரி மாநிலங்கள் பிரிந்தபோது அகஸ்தீஸ்வரம் தமிழ்நாட்டின் பக்கம் வந்துவிட்டது. தமிழ்நாட்டுக்கோ அவர் மலையாளப் படம் எடுத்தவர். 1975 ஏப்ரலில் டேனியல் காலமானார். அவர் பெயரில் கேரள அரசு சினிமாவுக்கான தன் மிக உயர்ந்த விருதை ஏற்படுத்தியது 1992-ல்.

ரோசிக்கு அந்தத் தாமதமான மரியாதைகூட உடனே வரவில்லை. டேனியலைப் பற்றி எழுதியபோது ஒரு வரியில் வந்துபோகும் பெயராகத்தான் இருந்தார். அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு நந்தன்கோட்டுக்கும் நாகர்கோவிலுக்கும் அலைந்து விவரம் சேகரித்தவர் குன்னுக்குழி எஸ். மணி. தலித் வரலாற்று ஆய்வாளர். 1970-களின் தொடக்கத்திலிருந்தே ரோசியைப் பற்றி எழுதி வந்தார். இன்று நமக்குத் தெரிந்திருக்கும் விவரங்களில் பெரும்பாலானவை அந்த உழைப்பில் கிடைத்தவை.

பிறகு வந்தவர்களுக்கு வழி சுலபமாயிற்று. வினு ஆபிரகாம் ‘நஷ்ட நாயிகா’ என்ற நாவல் எழுதினார். அதையும் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணனின் நூலையும் அடிப்படையாக வைத்து கமல் இயக்கிய ‘செல்லுலாய்ட்’ 2013-ல் வெளியாகி விருதுகளைக் குவித்தது. பிருத்விராஜ் டேனியலாக நடித்தார். படம் பார்த்தவர்கள் ரோசிக்காகக் கண்ணீர் விட்டார்கள். ஆனால் கதை டேனியலுடையது. ரோசி பாதியில் மறைந்துபோகிறார் என்ற விமரிசனமும் எழுந்தது. மலையாள சினிமாப் பெண்களின் கூட்டமைப்பு 2019-ல் தொடங்கிய திரைப்படச் சங்கத்துக்கு அவர் பெயரை வைத்தது. சென்னையில் இயக்குநர் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம் நடத்தும் திரைப்பட விழாவும் பி.கே. ரோசி பெயரில்தான். 2023 பிப்ரவரி 10 அன்று, அவருடைய 120-வது பிறந்த நாளில், கூகுள் தன் முகப்பில் அவர் படத்தை வரைந்து வைத்தது.

வரைந்துதான் வைக்க வேண்டியிருந்தது. ‘விகதகுமார’னில் நடித்த ரோசியின் முகத்தைப் பார்க்க இன்று வழியில்லை. அவருடையது என்று சொல்லி உலவும் புகைப்படத்தைப் பற்றியும் தகராறு இருக்கிறது. இந்திய சினிமாவின் எத்தனையோ முதல் படங்கள் அழிந்துவிட்டன. ஆனால் அவற்றில் நடித்தவர்களுக்கு அடுத்த படம் இருந்தது, விளம்பரம் இருந்தது, பத்திரிகைப் பேட்டி இருந்தது. ரோசியின் விஷயத்தில் படச்சுருள் எரிவதற்கு முன்பே நடிகை அழிக்கப்பட்டுவிட்டார்.

தழும்பு

போனக்காட்டு மலையிலிருந்து இறங்கித் திருவனந்தபுரம் வந்து, அங்கிருந்து நாகர்கோவில் பஸ் ஏறினால் எல்லையைக் கடந்தது தெரிவதில்லை. கடைப் பலகைகளின் எழுத்து மாறுவது மட்டும் கண்ணில் படும். ரோசி போன நாளில் அந்த எழுத்து வித்தியாசம்கூடக் கிடையாது. இரண்டு பக்கமும் ஒரே சமஸ்தானம். அவர் தாண்டியது தேச எல்லையோ மொழி எல்லையோ அல்ல. தன்னைத் தெரிந்தவர்கள் இருக்கும் ஊரிலிருந்து தெரியாதவர்கள் இருக்கும் ஊருக்குப் போனார். பிழைக்க வேண்டுமானால் யாருக்கும் தெரியாதவராக ஆக வேண்டியிருந்தது.

இப்போது ஆண்டுக்கொரு முறை அவரை நினைவுகூர்கிறோம். மலர் தூவுகிறோம். அன்றைய கூட்டத்தைக் காட்டுமிராண்டிகள் என்று திட்டுவதும் சுலபமாகிவிட்டது. இன்னும் கொஞ்சம் கஷ்டமான கேள்வி ஒன்று மிச்சம் இருக்கிறது. இத்தனை வருடங்களில் தலித் பெண்கள் எத்தனை பேர் தங்கள் பெயரோடும் ஊரோடும் சாதியை மறைக்காமலும் தென்னாட்டு சினிமாவில் கதாநாயகியாக நின்றிருக்கிறார்கள்? விரல் விட்டு எண்ணப் பார்த்தால் விரல்கள் மிஞ்சும். கல்லெறிய இன்று ஆளில்லாமல் இருக்கலாம். வாசலில் நிறுத்துகிற வழக்கம் அவ்வளவு சீக்கிரம் போய்விடவில்லை.

‘விகதகுமாரன்’ கதையில் ஒரு தழும்பு காணாமல் போன பிள்ளையை வீட்டுக்குத் திரும்பக் கொண்டுவந்தது. ரோசிக்கும் தழும்பு இருந்தது. அதை அவர் யாருக்கும் காட்டவில்லை. காட்டியிருந்தால் அவரை உள்ளே அழைக்க அப்போது எந்த வீடும் திறந்திருக்கவில்லை.